அக்காவின் பணம்: ஒரு யித்திஷ் கண்ணீர்ப் படமும் அதைக் குப்பை என்றவர்களும்



இந்த ஆண்டு நினைவுச் சொற்பொழிவுக்கு நாம் எடுத்துக்கொண்டிருப்பது ஒரு பழைய சினிமா. 1938இல் நியூயார்க்கில் எடுக்கப்பட்ட யித்திஷ் மொழிப் படம். பெயர் 'ட்ஸ்வே ஷ்வெஸ்டர்', அதாவது இரண்டு சகோதரிகள். இயக்கியவர் பென் கே. பிளேக். அக்காவாக நடித்தவர் ஜென்னி கோல்ட்ஸ்டைன். பார்வையாளர்களை அழவைப்பதற்கென்றே யித்திஷ் மேடையில் பெயர் வாங்கியவர். உலகின் சிறந்த படங்கள் என்று போடப்படும் பட்டியல்களில் இதைத் தேட வேண்டாம், கிடைக்காது. கிடைக்காததற்கான காரணமும் நம்முடைய பேச்சுக்குள் வருகிறது.

கதை சின்னது. தாய் இல்லாத வீட்டில் அக்காவே தங்கைக்குத் தாயாகிறாள். தங்கையைக் கைவிடமாட்டேன் என்று அவள் கொடுத்த வாக்கு அவளுடைய இளமை முழுவதையும் எடுத்துக்கொள்கிறது. அவளுக்கென்று நிச்சயமான ஒருவன் இருக்கிறான். அவன் மருத்துவம் படிக்க வேண்டும். அந்தப் படிப்புக்கு அக்காதான் பணம் கட்டுகிறாள். அவன் டாக்டராகிறான். டாக்டரான பிறகு தங்கையைக் காதலிக்கிறான், தங்கையும் அவனைக் காதலிக்கிறாள். அக்கா விட்டுக்கொடுக்கிறாள்.

காதல், துரோகம், தியாகம். இதில் புதிதாக என்ன இருக்கிறது என்று கேட்கலாம். அன்றைய யித்திஷ் அறிவாளிகளும் அப்படித்தான் கேட்டார்கள். கேட்டதோடு நிற்காமல் இந்த வகை நாடகங்களுக்கும் படங்களுக்கும் ஒரு பெயர் வைத்தார்கள்: 'ஷுண்ட்'. குப்பை என்று பொருள். அந்தச் சொல்லிலிருந்தே தொடங்குவோம்.

ஷுண்ட் ஜெர்மன் மொழியிலிருந்து வந்த சொல். 'ஷிண்டன்' என்ற வினையோடு உறவுடையது. ஷிண்டன் என்றால் தோலுரித்தல். செத்த மாட்டையும் குதிரையையும் உரித்த பிறகு மிஞ்சும் கழிவுதான் முதலில் ஷுண்ட். அந்த வேலையைச் செய்தவருக்கு 'ஷிண்டர்' என்று பெயர். ஜெர்மன் நகரங்களில் நூற்றாண்டுகள் கணக்கில் இவர்களை மானமில்லாத தொழிலினர் என்று தள்ளி வைத்திருந்தார்கள். கைவினைச் சங்கங்களில் இவர்களுக்கு இடமில்லை, இவர்களுடைய பிள்ளைகளுக்கும் இடமில்லை. இவர்களைத் தொட்டுப் பழகிய கைவினைஞர் தன் சங்க உரிமையை இழக்க நேர்ந்தது. ஆக, ஒரு கலையை இழிவுபடுத்தச் சொல் தேடியபோது கையில் கிடைத்தது, செத்த மாட்டைத் தூக்கியவர்களின் தொழிலிலிருந்து பிறந்த சொல். அதைப் பயன்படுத்திய யித்திஷ் விமர்சகர்களில் எத்தனை பேர் இதை நினைத்திருப்பார்கள்? அநேகமாக ஒருவரும் இல்லை. சொல்லுக்குள் இருக்கும் இழிவு, சொல்பவருக்குத் தெரியாமலே வேலை செய்யும். இந்த அவைக்கு அதற்கு மேல் விளக்கம் வேண்டாம்.

இன்னொன்று. குப்பை என்று பெயர் வாங்கியது அந்த நாடகம் மட்டுமல்ல, அந்த மொழியே முதலில் அப்படித்தான் பெயர் வாங்கியிருந்தது. கிழக்கு ஐரோப்பிய யூதர்களிடம் இரண்டு மொழிகள் இருந்தன. ஒன்று எபிரேயம்: புனித மொழி, ஆண்கள் படிக்கும் மொழி, தொழுகைக்கும் சட்டத்துக்குமான மொழி. மற்றொன்று யித்திஷ்: வீட்டிலும் சந்தையிலும் பட்டறையிலும் பேசுவது, ஜெர்மன் அடித்தளத்தில் எபிரேயமும் ஸ்லாவிய மொழிகளும் கலந்தது, எழுதுவது எபிரேய எழுத்தில். அதற்கு 'மாமே லோஷன்' என்று பெயர், அம்மாவின் மொழி. கேட்கச் செல்லமாக இருக்கிறது. ஆனால் பழைய யித்திஷ் நூல்கள் தங்களை யாருக்காக அறிவித்துக்கொண்டன தெரியுமா? பெண்களுக்கும், கல்வி இல்லாததால் பெண்களைப் போன்ற ஆண்களுக்கும். படித்தவர்கள் அந்த மொழியை மொழி என்றுகூடச் சொல்லவில்லை, 'ழார்கோன்' என்றார்கள். கொச்சை என்று வைத்துக்கொள்ளுங்கள். 1908இல் செர்னோவிட்ஸ் நகரில் ஒரு மாநாடு கூட்டி, யித்திஷும் யூத மக்களின் ஒரு தேசிய மொழிதான் என்று தீர்மானம் போட வேண்டியிருந்தது. சுமார் ஒரு கோடிப் பேர் பேசிக்கொண்டிருந்த மொழிக்கு அந்தத் தீர்மானம் தேவைப்பட்டது!

மாணவர்கள் பலருக்குக் காஃப்காவைத் தெரியும். 1911இல் பிராக் நகருக்கு ஓர் ஏழை யித்திஷ் நாடகக் குழு வந்தது. ஒரு காபிக் கடையில் நாடகம் போட்டார்கள். காஃப்கா இரவுக்கு இரவு போய்ப் பார்த்தார், அவர்களில் ஒரு நடிகரோடு நட்பானார். அவருடைய தந்தை நல்ல வியாபாரி, முன்னேறிய குடும்பம். மகனின் நண்பனை அவர் புழுபூச்சியோடு ஒப்பிட்டுப் பேசினார். தந்தையும் யூதர், அந்த நடிகரும் யூதர். அடுத்த ஆண்டு பிப்ரவரியில் பிராக்கின் படித்த யூதர்கள் முன்பு யித்திஷ் பற்றிக் காஃப்கா ஒரு சொற்பொழிவு ஆற்றினார். அந்த மொழி புரியாது என்று நினைக்கிறீர்கள், ஆனால் நீங்கள் நினைப்பதைவிட அதிகமாக உங்களுக்குப் புரியும் என்ற பொருளில் அது தொடங்குகிறது. மேலே ஏறியவர்கள் கீழே விட்டுவந்த மொழியைக் கண்டு அஞ்சியதை அந்த இளைஞர் சரியாகப் பிடித்திருந்தார்.

நாடக வரலாற்றைச் சுருக்கமாகவே பார்த்துவிடுவோம். தொழில்முறை யித்திஷ் நாடகத்தை ஆப்ரகாம் கோல்ட்ஃபாடன் 1876இல் ருமேனியாவின் யாஷ் நகரில், மதுக்கடையில் பாடிக்கொண்டிருந்த பாடகர்களை வைத்துத் தொடங்கினார். 1883இல் ஜார் அரசு யித்திஷ் நாடகத்தைத் தடை செய்தது. நடிகர்கள் கப்பலேறினார்கள். மக்களும் ஏறினார்கள்: 1881க்கும் முதல் உலகப் போருக்கும் இடையில் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து சுமார் 20 லட்சம் யூதர்கள் அமெரிக்கா போனார்கள். நியூயார்க்கின் கீழ்க் கிழக்குப் பகுதியில், ஓர் அறையில் ஏழெட்டுப் பேர் படுக்கும் அடுக்குக் குடியிருப்புகளில் நெருங்கிக் கிடந்தார்கள். தையல் பட்டறைகளில் வேலை செய்தார்கள். நாடகத்துக்குப் போனார்கள்.

எப்படிப் போனார்கள் என்பது முக்கியம். வார நாட்களில் கொட்டகையை மொத்தமாக ஒரு தொழிற்சங்கமோ, ஒரே ஊர்க்காரர்களின் சங்கமோ விலை பேசி எடுத்துக்கொள்ளும். டிக்கெட்டுகளைத் தன் உறுப்பினர்களிடம் விற்கும். மிஞ்சும் பணம் வேலைநிறுத்த நிதிக்கோ நோயாளி நிதிக்கோ சவ அடக்கச் செலவுக்கோ போகும். மேடையில் ஒரு தாய் பிள்ளைகளால் வீட்டைவிட்டுத் துரத்தப்படுவாள், கீழே உட்கார்ந்து அழுபவர்கள் தங்கள் சங்கத்துக்கு நிதி சேர்த்துக்கொண்டிருப்பார்கள். கண்ணீர் மனத்தை மழுங்கடிக்கும், போராட விடாது என்ற வாதம் அந்தக் காலத்து இடதுசாரி யித்திஷ் பத்திரிகைகளிலும் உண்டு. அந்தக் கொட்டகைகளின் கணக்குப் புத்தகம் வேறு கதை சொல்கிறது.

இனி அக்காவின் பணத்துக்கு வருவோம். அந்தக் கொட்டகைகளில் உட்கார்ந்திருந்த பெண்களில் பலர் யார்? பதினாலு, பதினைந்து வயதில் பட்டறைக்குப் போனவர்கள். குடியேறிய யூதக் குடும்பங்களில் ஒரு வழக்கம் இருந்தது. மூத்த மகள் சம்பள உறையைப் பிரிக்காமல் அம்மாவிடம் கொடுக்க வேண்டும். மகன் தன் சம்பளத்தில் ஒரு பகுதியை வைத்துக்கொள்ளலாம், அல்லது அவன் வேலைக்கே போகாமல் படிக்கலாம். ஊரில் இதற்கு மத மரபும் துணை இருந்தது: வேதம் படிக்கும் ஆணை உழைக்கும் பெண் தாங்க வேண்டும் என்பது அங்கே பெருமை. அமெரிக்காவில் வேதத்தின் இடத்தில் சட்டக் கல்லூரியும் மருத்துவக் கல்லூரியும் வந்தன. தாங்க வேண்டியவள் மாறவில்லை.

இந்தப் பெண்கள் அழுதுகொண்டு மட்டும் இருக்கவில்லை. 1909 நவம்பர் 22 அன்று நியூயார்க்கின் கூப்பர் யூனியன் மண்டபத்தில் ரவிக்கைத் தொழிலாளர் கூட்டம். தலைவர்கள், பெரும்பாலும் ஆண்கள், நேரம் போவது தெரியாமல் பேசிக்கொண்டிருந்தார்கள். கிளாரா லெம்லிச் என்ற 23 வயதுப் பெண் மேடை ஏறினார். அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் மறியலில் அடியாட்கள் அவருடைய விலா எலும்புகளை உடைத்திருந்தார்கள். பேச்சு போதும், பொது வேலைநிறுத்தம் செய்வோம் என்று தீர்மானம் சொன்னார். யித்திஷில் சொன்னார். அந்தக் 'கொச்சை'யில். மண்டபம் எழுந்து நின்று கையுயர்த்தி, வாக்குத் தவறினால் இந்தக் கை வாடட்டும் என்று சத்தியம் செய்தது. 20,000க்கும் மேற்பட்டோர் வேலையை நிறுத்தினார்கள். முந்நூறுக்கும் மேற்பட்ட பட்டறைகள் சங்கத்தோடு ஒப்பந்தம் போட்டன. ஒப்பந்தத்துக்கு வராத நிறுவனங்களில் டிரையாங்கிள் ஒன்று. 1911 மார்ச் 25இல் அங்கே தீப்பிடித்தது. ஒரு கதவு பூட்டிக் கிடந்தது. 146 பேர் செத்தார்கள், பெரும்பாலும் யூத, இத்தாலிய இளம்பெண்கள். முதலாளிகள் இருவரும் அதே கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்து முன்னேறிய யூதர்கள். வழக்கில் விடுதலையானார்கள்.

துரோகம் என்ற சொல்லை இந்த மக்கள் மேடையில் கேட்டபோது அவர்களுக்கு எது எது நினைவுக்கு வந்திருக்கும் என்று யோசிக்கலாம். நம்மில் ஒருவன், நம் உழைப்பில் ஏறியவன், ஏறிய பிறகு கதவைப் பூட்டுவது. அதைப் பொருளாதாரமாகச் சொல்ல அவர்களுக்குத் துண்டறிக்கை இருந்தது. உறவாகச் சொல்ல மெலோடிராமா இருந்தது.

படத்தில் அந்த ஆண் ஏன் டாக்டர்? தற்செயல் என்று எங்களுக்குத் தோன்றவில்லை. 1920களிலும் 30களிலும் அமெரிக்காவின் பெரிய பல்கலைக்கழகங்கள் யூத மாணவர்களுக்கு ஒதுக்கீடு வைத்திருந்தன. ஒதுக்கீடு என்றதும் நமக்குத் தெரிந்ததை நினைக்க வேண்டாம். இது தலைகீழானது, இத்தனை பேருக்கு மேல் உள்ளே வரக்கூடாது என்ற உச்சவரம்பு. ஹார்வர்டின் தலைவர் லோவெல் 1922இல் இதை வெளிப்படையாகவே முன்மொழிந்தார். எதிர்ப்பு வந்ததும் வெளிப்படையாகச் சொல்வதை விட்டுவிட்டு, விண்ணப்பப் படிவத்தை மாற்றினார்கள். பிறந்ததிலிருந்து உன் பெயரோ தந்தையின் பெயரோ மாறியிருக்கிறதா? தாயின் பிறந்த வீட்டுப் பெயர் என்ன? தந்தை எங்கே பிறந்தார்? மதிப்பெண்ணோடு 'குணநலன்' என்ற ஒன்றும் அளக்கப்பட்டது. தகுதி என்ற சொல் யாருக்கு எதிராக எப்போது எடுக்கப்படுகிறது என்று ஆய்வு செய்யும் மாணவர்கள் அந்தப் படிவங்களைப் பார்க்க வேண்டும். கொலம்பியா பல்கலைக்கழகமும் இதே காலத்தில் யூத மாணவர் விகிதத்தைப் பெருமளவு குறைத்தது. மருத்துவக் கல்லூரிகள் இன்னும் கடுமையாக இருந்தன. உள்ளூரில் இடம் கிடைக்காமல் ஸ்காட்லாந்து போய் மருத்துவம் படித்த நியூயார்க் யூத இளைஞர்கள் உண்டு.

கொலம்பியா என்றதும் அவையில் ஒரு சலசலப்பு. ஆம், அதே கொலம்பியாதான். அண்ணல் அம்பேத்கர் 1913 முதல் 1916 வரை அங்கே படித்தார். அதே மன்ஹாட்டன் தீவின் தென்முனைப் பக்கம் யித்திஷ் நாடகம் அப்போது உச்சத்தில் இருந்தது. அதற்கு மேல் இதில் எதையும் ஏற்ற நாங்கள் விரும்பவில்லை. யூத வெறுப்பும் சாதியும் ஒன்றல்ல, ஒன்றென்று சொன்னால் இரண்டுமே புரியாமல் போகும். ஆனால் பிற்காலத்தில் தீண்டப்படாதவர்களைப் பற்றி எழுதிய ஒரு நூலுக்குத் தலைப்பு வைக்கும்போது, அவர்களை இந்தியாவின் கெட்டோவில் பிறந்த பிள்ளைகள் என்றார் அவர். கெட்டோ என்ற சொல் யூதர்களின் வரலாற்றிலிருந்து வந்தது என்பதை அறிந்தே எடுத்தாண்ட சொல் அது.

ஆக அந்த டாக்டர் ஒரு தனி மனிதனாக மட்டும் மேடையில் நிற்கவில்லை. பூட்டிய கதவுக்குள் ஒருவனை நுழைக்க ஒரு குடும்பம், சில சமயம் ஒரு தெருவே, தன்னைக் கசக்கிப் பணம் சேர்த்தது. அவன் பட்டத்தில் அவன் பெயர் மட்டும் இருக்கும். அக்காவின் பெயர் இருக்காது. 'இரண்டு சகோதரிகள்' என்ற படம் செய்த வேலை, அந்தப் பணம் எங்கிருந்து வந்தது என்று ஒன்றரை மணி நேரத்துக்கும் குறைவான நேரத்தில், சத்தமாக, கண்ணீரோடு சொல்லிக்காட்டியது. சமூகத்தின் முன்னேற்ற வரலாற்றை எழுதியவர்கள் டாக்டர்களின் எண்ணிக்கையை எழுதினார்கள். குப்பை என்று பெயர் வாங்கிய படம் அக்காவை எழுதியது.

இதோடு நிறுத்திக்கொண்டால் படத்தைத் தலையில் தூக்கி வைத்தவர்களாவோம். படம் அக்காவுக்காக அழுகிறது, உண்மை. அவளை விட்டுக்கொடுக்கச் சொல்வதும் அதே படம்தான். அவள் தியாகம் செய்வதால்தான் அவள் நமக்கு உயர்ந்தவளாகத் தெரிகிறாள். தன் பணத்தைத் திருப்பிக் கேட்டிருந்தால் கொட்டகை இப்படி அழுதிருக்குமா? அழுதிருக்காது. தங்கையின் மகிழ்ச்சிக்காக என்ற ஒரு காரணம் எப்போதும் தயாராக இருக்கிறது. தாய்க்குக் கொடுத்த வாக்கு என்ற இன்னொன்றும் இருக்கிறது. உழைத்தவளிடமே கடைசி விலையையும் வாங்கிக்கொண்டு அவளைத் தெய்வமாக்குவது எந்த மொழிக்கும் புதிதல்ல. 1909இல் கையுயர்த்திச் சத்தியம் செய்தவளும் 1938இல் கொட்டகையில் இந்த அக்காவுக்காக அழுதவளும் ஒரே ஆளாகவே இருந்திருக்கலாம். சங்கத்தில் முதலாளியிடம் கேட்கக் கற்றுக்கொண்டதை வீட்டுக்குள் கேட்க அவளுக்கு எந்த மேடையும் கற்றுத்தரவில்லை.

அதே 1938இல் போலந்தில் 'மாமெலே' என்ற படம் வந்தது. குட்டி அம்மா என்று சொல்லலாம். லோட்ஸ் என்ற நெசவு ஆலை நகரத்துக் கதை. தாய் இறந்த வீட்டில் ஒரு பெண் தகப்பனுக்கும் உடன்பிறந்தவர்களுக்கும் சமைத்து, துவைத்து, அவர்கள் செய்த குற்றங்களை மறைத்து, வேலைக்காரியைப் போல நடத்தப்படுகிறாள். நடித்தவர் மோலி பிகான். நாற்பது வயதில் சிறு பெண்ணாக நடித்துப் பெரும்பாலும் ஏமாற்றியும் விடுகிறார். அது பாட்டும் சிரிப்புமான படம், அவளுக்கு அவள் விரும்பியவன் கிடைக்கிறான். அட்லாண்டிக்கின் இரு கரையிலும் ஒரே ஆண்டில் ஒரே வாக்குறுதி: சாகும் தாய், வளர்க்க வேண்டிய வீடு, கல்யாணத்தைத் தள்ளிப்போடும் ஒரு பெண். இதற்கு முன்பே, 1898இல், யாக்கோப் கோர்தின் 'மிரெலே எஃப்ரோஸ்' எழுதியிருந்தார். கடனில் மூழ்கிய வியாபாரத்தை ஒரு விதவை நிமிர்த்துகிறாள், மகன்கள் கையில் கொடுக்கிறாள், பிறகு தன் வீட்டிலேயே அன்னியமாகி வெளியேறுகிறாள். 1939இல் அதுவும் படமானது. கோர்தினை அறிவாளிகள் ஏற்றுக்கொண்டார்கள், ஜென்னி கோல்ட்ஸ்டைனின் நாடகங்களை ஷுண்ட் என்றார்கள். இரண்டிலும் பெண் உழைக்கிறாள், இரண்டிலும் அவளை விட்டு விலகுகிறார்கள். வித்தியாசம் எங்கே இருந்தது என்று எங்களுக்கு இன்னும் முழுதாக விளங்கவில்லை. வசனத்தின் தரத்தில் கொஞ்சம், கொட்டகைக்கு வந்தவர்களின் உடுப்பில் மிச்சம்.

யித்திஷ் பேசும் படத்தின் நல்ல காலம் 1936 முதல் 1940 வரை, ஐந்தே ஆண்டு. அமெரிக்காவில் 1924இன் குடியேற்றச் சட்டம் புதிய ஆட்கள் வருவதை ஏற்கெனவே நிறுத்தியிருந்தது. பிள்ளைகள் ஆங்கிலத்துக்கு மாறிவிட்டார்கள், கொட்டகையில் நரைத்த தலைகள். ஐரோப்பாவில் நடந்தது வேறு. 'மாமெலே' காட்டிய லோட்ஸ் நகரில் அப்போது மூன்றில் ஒருவர் யூதர், இரண்டு லட்சத்துக்கும் மேல். 1940இல் நாஜிகள் அவர்களைக் கெட்டோவில் அடைத்தார்கள். அங்கேயும் அவர்களைத் தைக்க வைத்தார்கள், ஜெர்மன் படைக்குச் சீருடை. 1944 ஆகஸ்டில் மிஞ்சியிருந்தவர்களை ஆஷ்விட்சுக்கு அனுப்பினார்கள். 1945 ஜனவரியில் செம்படை வந்தபோது கெட்டோவில் உயிரோடு இருந்தவர்கள் 900க்கும் குறைவு. கொல்லப்பட்ட அறுபது லட்சம் யூதர்களில் பெரும்பான்மையோரின் மொழி யித்திஷ். அதற்குப் பிறகும் அந்த மொழிக்கு ஓய்வில்லை. புதிதாக உருவான இஸ்ரேலில், எபிரேயத்துக்கு இடைஞ்சல் என்று உள்ளூர் யித்திஷ் நாடகக் குழுக்களுக்கு 1949இல் தடை போட்டார்கள். அது இரண்டு ஆண்டுக்குள் விலகியது.

ஜென்னி கோல்ட்ஸ்டைன் யித்திஷ் கொட்டகைகள் மூடிய பிறகும் நடித்தார். 1953இல் டென்னசி வில்லியம்ஸின் 'கமினோ ரியல்' பிராட்வேயில் மேடையேறியபோது அதில் அவருக்கு ஒரு வேடம் கிடைத்தது, ஆங்கிலத்தில். 1960இல் இறந்தார்.

படச்சுருள்கள் என்ன ஆயின? மலிவாக எடுக்கப்பட்டவை, மலிவாகவே போட்டு வைக்கப்பட்டவை. அந்தக் காலத்து நைட்ரேட் சுருள் தானாகவே பொடிந்து போகும், எளிதில் தீப்பிடிக்கும். 1976இல் ஷாரன் ரிவோ, மிரியம் கிராண்ட் என்ற இரண்டு பெண்கள், யித்திஷ் படங்கள் எடுத்த ஜோசப் சைடன் என்பவரின் சேகரிப்பைக் காப்பாற்ற இறங்கினார்கள். அதிலிருந்து வளர்ந்ததுதான் பிராண்டைஸ் பல்கலைக்கழக வளாகத்தில் இருக்கும் தேசிய யூதத் திரைப்பட மையம். துண்டு துண்டாகக் கிடந்த பிரதிகளைச் சேர்த்து, கிழிந்த இடங்களை ஒட்டி, ஒலியைச் சுத்தம் செய்து படங்களை ஒவ்வொன்றாக மீட்டார்கள். 'இரண்டு சகோதரிகள்' அப்படி மீண்ட ஒரு படம். ஓடும் நேரம் எண்பது நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல். இப்போது கிடைக்கும் பிரதியில் கீழே ஆங்கில வரிகள் ஓடுகின்றன. அன்று கொட்டகையில் அழுதவர்களின் பேரப்பிள்ளைகளுக்கு அக்கா பேசுவது அதில்லாமல் புரியாது.